வெயிலுகந்தாள் போட்ட முடிச்சு

வைராபாட்டாவில் சூரியன் நின்றுபோனதை முதலில் கண்டுகொண்டவை லாமாக்கள்தான். நிழல் நீளத் தொடங்கியதும் யாரும் விரட்டாமலே மந்தையாகக் கூடி மலையிறங்கப் பழகியிருந்த அந்த நீண்ட கழுத்து மிருகங்கள், அன்று பிற்பகல் இறங்குவதற்காக ஒரு காலை எடுத்து வைத்து, தம் நிழலைக் குனிந்து பார்த்து, இன்னும் நேரமிருக்கிறது என்று திரும்பிப் புல்லில் வாய் வைத்தன. பிறகு மறுபடி காலை எடுத்தன, மறுபடி பார்த்தன, மறுபடி மேய்ந்தன. அந்தச் சரிவின் புல் முழுவதும் தீரும்வரை அப்படியே செய்துகொண்டிருந்தன.

நாங்கள் குஸ்கோவிலிருந்து அரை நாள் சுற்றுலாவாக அங்கே வந்திருந்தோம். மதியச் சாப்பாட்டுக்குப் பின் வேனில் கிளம்பி, இன்காக்கள் கட்டிய கோட்டையையும் படிக்கட்டு வயல்களையும் பார்த்து, சூரியன் மறைந்ததும் திரும்பிவிட வேண்டும் என்பது ஏற்பாடு. கல்லூரியில் நான் ஸ்பானிஷ் படித்திருந்ததால், சென்னைப் பயணக் கம்பெனி என்னை மொழிபெயர்க்க அனுப்பியிருந்தது. எனக்குக் குரல் எழாது. வழிகாட்டி நெமெசியோ கைகளை விரித்துக் காற்றோடு போட்டி போட்டுச் சொல்வதை நான் என் கழுத்துத் துண்டுக்குள் சொல்லிக்கொண்டிருந்தேன்.

"கொஞ்சம் சத்தமாச் சொல்லும்மா, பக்கத்துல இருக்கிற கல்லுக்கே கேக்கல" என்றார் கிருபாகரன். பாங்கில் மேலாளராக இருந்து ஓய்வு பெற்றவர். கடிகாரத்தைப் பார்க்காமல் எதையும் பார்க்காதவர்.

ஆனால் தனுஷ்கோடிக்கு எல்லாமே கேட்டது. அவர் சிவகாசிக்காரர். நாற்பது வருடம் காலண்டர் அச்சடித்தவர். சலூன்களிலும் மளிகைக் கடைகளிலும் தொங்கும் பனிமலைப் படங்களில் பாதி அவருடைய அச்சகத்திலிருந்து போனவையாம். ஒரு பனிமலையைக்கூட அதுவரை அவர் நேரில் பார்த்ததில்லை. மாலைக்கண்ணில் தொடங்கி, சுற்றிலுமிருந்து இருட்டு சுருங்கிக்கொண்டே வருகிற நோய் அவர் கண்ணுக்கு வந்திருந்தது. பகலில் ஒரு குழாய் வழியாகப் பார்ப்பதுபோல் பார்ப்பார், பொழுது சாய்ந்தால் ஒன்றுமே தெரியாது. அடுத்த வருடம் பகலும் போய்விடும் என்று மதுரையில் டாக்டர் சொன்ன அன்றே, அச்சகத்தை மகனிடம் கொடுத்துவிட்டு, மனைவியைக் கூட்டிக்கொண்டு கிளம்பியிருந்தார்.

மனைவியின் பெயர் வெயிலுகந்தாள். விருதுநகர்ப் பக்கத்து அம்மனின் பெயர். அவர் "வெயிலு" என்றுதான் கூப்பிடுவார்.

அன்று நாங்கள் பார்த்தவை அதிகமில்லை, ஆனால் ஒவ்வொன்றின் முன்னாலும் தனுஷ்கோடி நின்றுவிட்டார். சுண்ணாம்பும் இல்லாமல் களிமண்ணும் இல்லாமல் வெறும் கல்லோடு கல்லை இழைத்துப் பொருத்திய சுவரில், எட்டு மூலையுள்ள ஒரு கல், தன்னைச் சுற்றியிருந்த எட்டுக் கற்களையும் சொந்தக்காரர்களைத் தோளில் அணைப்பதுபோல் அணைத்துக்கொண்டிருந்தது. அவர் இடுக்கில் நகத்தை வைத்துப் பார்த்தார். நகம் போகவில்லை.

"ரெஜிஸ்டர் அரை நூல்கூடப் பிசகல பாருங்க" என்றார் என்னிடம். "நாலு கலரையும் ஒன்னு மேல ஒன்னு இப்படிப் பொருத்துறதுக்குத்தான் என் ஆயுசு போச்சு. இவங்க கல்லுல செஞ்சிருக்காங்க."

படிக்கட்டு வயல்கள் மலையின் அடியிலிருந்து உச்சிவரை ஏறின. ஒவ்வொரு வயலின் தாங்குசுவரிலிருந்தும் தட்டையான கற்கள் நாக்குபோல் வெளியே நீட்டிக்கொண்டிருந்தன. அவைதான் ஏறி இறங்கும் படிகள். இன்காக்கள் வெட்டிய வாய்க்காலில் இன்னும் தண்ணீர் ஓடியது. கதவு இல்லாத வாசல்கள் ஒவ்வொன்றும், மேலே ஒடுங்கிக் கீழே அகன்று, ஒரு துண்டு மலையைச் சட்டம் போட்டு வைத்திருந்தன. எல்லாவற்றுக்கும் மேலே யுராக் உமா என்ற பனிமலை நின்றது. உமா என்றால் அந்த ஊர்க்காரர்கள் மொழியில் தலை, யுராக் என்றால் வெள்ளை. அந்த மலை அவர்களுக்குச் சாமி. அதன் பனியில் வெயில் பட்டபோது நானும் மொழிபெயர்க்க மறந்து நின்றேன்.

உச்சியில் ஒரு கல் இருந்தது. பாறையிலேயே செதுக்கிய மேடை, அதன் நடுவில் இடுப்புயரத் தூண். நெமெசியோ தொப்பியைக் கழற்றிவிட்டுச் சொன்னார்: "இது சூரியனைக் கட்டும் கல். ஜூன் மாதத்தில் சூரியன் எங்களைவிட்டு ரொம்ப தூரம் போய்விடும். இன்னும் போய்விடாதே என்று பெரியவர்கள் இதில் அதைக் கட்டி நிறுத்துவார்கள்."

நான் அதை அப்படியே சொன்னேன். எல்லோரும் பனிமலையைப் படமெடுக்கத் திரும்பினார்கள். நிறுத்திவைத்த கல்லைக் கண்டால் சும்மா போகத் தெரியாத ஊரிலிருந்து வந்த வெயிலுகந்தாள் மட்டும் திரும்பவில்லை. செருப்பைக் கழற்றினாள். கைப்பையிலிருந்து மஞ்சள் துணியை எடுத்தாள். வெள்ளித் தகட்டில் செய்த இரண்டு கண்கள், இருக்கன்குடி மாரியம்மனுக்குப் போடுவதற்கு வாங்கிய கண்மலர், அதற்குள் முடிந்திருந்தது. அதைத் தூணில் சுற்றி இறுக்கி முடிச்சுப் போட்டாள்.

"சாமி, நீ யாருன்னு எனக்குத் தெரியாது" என்று அவள் சொன்னது பக்கத்தில் நின்ற எனக்குக் கேட்டது. "இவுக இதையெல்லாம் கண்ணு நிறையப் பாத்து முடிக்கிற வரைக்கும் வெளிச்சம் போகக்கூடாது. போகாம நின்னா என் முடியத் தாரேன்."

அவிழ்த்துவிட்டால் அவளுக்கு இடுப்புக்குக் கீழே தொங்கும் முடி.

சூரியன் யுராக் உமாவுக்கு ஒரு முழம் மேலே நின்றது. அப்புறம் நகரவில்லை.

மலைக்கு அந்தப் பக்கம் வழக்கம்போல் இருட்டியது, விடிந்தது, மறுபடி இருட்டியது. இந்தச் சரிவில் மட்டும் அதே சாய்ந்த பொன்வெயில், அதே நீண்ட நிழல். கிருபாகரன் கடிகாரத்தைப் பார்த்தார், வானத்தைப் பார்த்தார், ஓட்டுநரைப் பார்த்தார். "சூரியன் மறைந்த பிறகு கிளம்பு என்றுதான் எனக்குச் சொல்லியிருக்கிறார்கள்" என்று ஓட்டுநர் வேனுக்குள் தொப்பியை முகத்தில் கவிழ்த்துக்கொண்டு படுத்துவிட்டார். நெமெசியோவும் மனச்சாட்சி உள்ளவர். சுற்றுலா முடியாதபோது வழிகாட்டுவதை எப்படி நிறுத்துவது என்று, சுவரை மறுபடி முதலிலிருந்து காட்டத் தொடங்கினார்.

ஊர்க்காரர்கள் அலட்டிக்கொள்ளவில்லை. சூரியனைக் கட்டுவதற்கென்றே வைத்த கல்லில் யாரோ சூரியனைக் கட்டியிருக்கிறார்கள், அவ்வளவுதான். முதலில் எல்லாப் போர்வைகளையும் துவைத்துக் காயப்போட்டார்கள். சீக்கிரமே நிழல் விழுந்துவிடும் எதிர்ச்சரிவு ஊர்க்காரர்கள் ஈரக் கம்பளியையும் சளி பிடித்த குழந்தைகளையும் தூக்கிக்கொண்டு வந்தார்கள், வந்தவர்களுக்குச் சூப் விற்க இன்னும் சிலர் வந்தார்கள். சுவரின் நிழல் கொடிக்கம்பத்தைத் தொட்டால் பள்ளிக்கூடம் விடும் வழக்கம் என்பதால் பிள்ளைகள் கணக்குப் போட்டுக்கொண்டே இருந்தார்கள். அவர்களுடைய அம்மாக்கள் போய் வாத்தியாரைத் திட்டி அழைத்து வந்தார்கள். தூக்கம் வந்தவர்கள் வாசலில் கம்பளத்தைத் தொங்கவிட்டு உள்ளே தங்களுக்கென்று கொஞ்சம் இருட்டு செய்து உறங்கினார்கள். எங்களையும் பள்ளிக்கூடத்தில் அப்படியே உறங்க வைத்தார்கள்.

ஊர்த் தலைவி ஹிலாரியா மட்டும் கல்லைப் போய்ப் பார்த்தாள். ஐம்பது வயதிருக்கும், அகன்ற முகம், இரட்டைச் சடை, தட்டையான தொப்பி. மஞ்சள் முடிச்சைத் தொடாமல் சுற்றி வந்து, கூட்டத்தில் நேராக வெயிலுகந்தாளிடம் வந்தாள். அவள் கெச்சுவா மொழியில் பேசினாள், நெமெசியோ ஸ்பானிஷில் சொன்னார், நான் தமிழில் சொன்னேன். ஒவ்வொரு பேச்சும் மூன்று வாய் கடந்துதான் போய்ச் சேர்ந்தது.

"கட்டினது நீங்களா?"

"ஆமா."

"எங்கள் உருளைக்கிழங்கு கீழே புல்லில் பரப்பிக் கிடக்கிறது. இரவில் பனி விழுந்து அது உறைய வேண்டும், காலையில் இளகியதும் காலால் மிதித்துத் தண்ணீரைப் பிழிய வேண்டும். அப்படிக் காய்ந்தால்தான் வருடக்கணக்கில் கெடாது. இருட்டும் பனியும் வராவிட்டால் அழுகும். இந்த வருடச் சாப்பாடு அதுதான்."

வெயிலுகந்தாளுக்கு முகம் சுண்டிவிட்டது. "ஐயோ, நான் சோத்துல மண்ணள்ளிப் போடுவனா? ஆனா நேந்துக்கிட்டத நடுவுல எப்படித்தா அவுக்கிறது? அவுத்தா இவுக கண்ணுக்குத்தானே வந்து விடியும்?"

நான் இதையும் அவள் கல்லிடம் நேர்ந்துகொண்டதையும் சொன்னபோது கூட்டத்தில் பெண்கள் எல்லோரும் தலையசைத்தார்கள். அவர்களுக்கும் அது அப்படித்தான். கல்லுக்குக் கொடுத்ததை இன்னொரு கை தொடாது, கொடுத்த கையும் வேளை வராமல் தொடாது.

"சிவகாசிக்காரங்க வந்தா வெடி வைப்பாங்கன்னு நெனச்சேன்" என்றார் கிருபாகரன். "சூரியனுக்கே திரியக் கிள்ளிட்டீங்களேம்மா."

ஹிலாரியா யோசித்தாள். அந்த ஊரில் ஒருவர் வயலில் எல்லோரும் ஒரு நாள் இறங்கி வேலை செய்வார்கள், பிறகு அவர் எல்லோருடைய வயலிலும் ஒவ்வொரு நாள் இறங்குவார். அவள் அதையே இதற்கும் சொன்னாள். இந்த மனிதரின் கண் நிறைய வேண்டும். தனியாகப் பார்த்தால் எப்போது நிறைவது? ஊரே சேர்ந்து நிறைப்போம். வீட்டுக்கு ஒருவர், தன்னிடம் பார்க்கத்தக்கது எதுவோ அதைக் காட்டட்டும்.

அப்படித்தான் ஒரு முழு ஊர் ஒரு மனிதருக்குக் காட்சி காட்டும் வேலையில் இறங்கியது. ஒருவர் பாறை விளிம்புக்கு அழைத்துப் போய், கீழே காற்றில் இறக்கையை ஒருமுறைகூட அடிக்காமல் வட்டமிடும் காண்டோர் கழுகின் முதுகைக் காட்டினார். பறவையின் முதுகை மேலிருந்து பார்ப்பது தனுஷ்கோடிக்கு அதுதான் முதல் தடவை. ஒருத்தி பூவுக்கு முன்னால் அந்தரத்தில் நிற்கும் கட்டைவிரல் அளவுக் குருவியைக் காட்டினாள். ஒருவர் பாறையில் படர்ந்த பாசியில் எண்ண முடியாத ஆரஞ்சு நிறங்களைக் காட்டினார். ஒருத்தி சப்பாத்திக்கள்ளியில் ஒட்டியிருந்த சாம்பல் பூச்சியைக் கிள்ளி அவர் உள்ளங்கையில் வைத்து நசுக்கினாள். அங்கே ஒரு சிவப்பு பீறிட்டது.

"வெயிலு! மெஜந்தா! நான் டின்னு டின்னா வாங்கி ஊத்தினேனே, அந்த மெஜந்தா! நம்ம கருவக்காட்டுக் கள்ளியில இத்தனை நாளா சும்மாவா ஒட்டிட்டிருந்துச்சு?"

அந்தப் பெண் எலுமிச்சை ஒரு சொட்டு விட்டாள். சிவப்பு ஆரஞ்சானது. அவர் விரித்த உள்ளங்கையை இறக்காமல் குழந்தையைப் போல் எல்லோரிடமும் காட்டிக்கொண்டு நடந்தார்.

கிருபாகரனுக்கும் வேலை கிடைத்துவிட்டது. காட்ட வருபவர்கள் முண்டியடிப்பதைப் பார்த்துப் பொறுக்காமல், பாங்கில் செய்ததுபோல் அவர்களை வரிசையில் நிறுத்தினார். தமிழிலேயே அதட்டினார். அவர்கள் தங்கள் மொழியில் ஏதோ சொல்லிச் சிரித்துக்கொண்டு நின்றார்கள். "மலையைக் காட்டுறவங்க இந்தப் பக்கம், பூச்சி பறவையெல்லாம் அந்தப் பக்கம்!"

ஆனால் தனுஷ்கோடி போதும் என்று சொல்லவில்லை. நானும் அவர் வாயையே பார்த்துக்கொண்டிருந்தேன். சோற்றுக்குத்தான் மனிதன் போதும் சொல்வான் என்பார்களே, அது சரிதான் போலிருந்தது. ஒரு நீலத்தைக் காட்டினால் அதற்குப் பின்னாலிருக்கும் நீலத்தைக் கேட்டார். பனியில் விழுந்த நிழல் கருப்பல்ல, ஊதா என்று கண்டுபிடித்து, அப்படியானால் ஊதாவின் நிழல் என்ன நிறம் என்று தேடினார். யுராக் உமாவை ஒவ்வொரு வாசலின் வழியாகவும் பார்த்தார்; ஒவ்வொரு வாசலிலும் அது வேறு மலையாக இருந்தது.

வெயிலுகந்தாள் அவர் பின்னாலேயே நடந்தாள். அவர் பார்ப்பதை அவள் பார்க்கவில்லை. கீழே புல்வெளியைத்தான் பார்த்தாள். உருளைக்கிழங்குகள் தோல் சுருங்கி, சில பச்சை பிடித்து, சில முளை நீட்டத் தொடங்கியிருந்தன. காற்று மேலே வரும்போது ஒரு புளித்த வாடையும் வந்தது. ஊரில் யாரும் அவளை ஒரு வார்த்தை சொல்லவில்லை. சூப்பில் உருளைக்கிழங்கு குறைந்துகொண்டே வந்தது, ஆனால் எங்கள் கிண்ணங்களில் குறையவில்லை. அதைத்தான் அவளால் தாங்க முடியவில்லை.

"பாப்பா, நீ சொல்லேன் அவுககிட்ட" என்றாள் என்னிடம். "நான் சொன்னா, எனக்காகப் போதும்பாரு. அது போதும்ங்கிறது ஆகுமா? மனசார வரணும்ல."

என் வாய்க்கு அது வரவில்லை. ஒரு மனிதரிடம் போய், உங்கள் வெளிச்சத்தை நிறுத்திக்கொள்ளுங்கள் என்று எந்த மொழியில் சொல்வது? அவரை மெதுவாகக் கூட்டிக்கொண்டு ஹிலாரியாவுக்கும் நெமெசியோவுக்கும் பின்னால் புல்வெளிக்குப் போனேன். இப்போது காட்ட வேண்டியது அவளுடைய முறை.

ஹிலாரியா ஒரு கிழங்கை எடுத்து தனுஷ்கோடியின் கையில் வைத்தாள். அது விரலுக்குள் அமுங்கிக் கொழகொழவென்று வழிந்தது.

"என்னது இது? அழுகுதே" என்றார் அவர்.

"பனிக்காகக் காத்திருக்கிறது" என்றார் நெமெசியோ. நான் அதைச் சொன்னேன், இந்த முறை சத்தமாகவே.

அவர் குழாய் வழியாகப் பார்ப்பதுபோல் தலையை மெல்லத் திருப்பித் திருப்பி அந்தப் புல்வெளி முழுவதையும் பார்த்தார். பொன்வெயிலில் வரிசை வரிசையாகக் கிடந்த கிழங்குகள், ஓரத்தில் குந்தியிருந்த பெண்கள், எலும்பு தெரிய நின்ற லாமாக்கள், மேய்ந்து மேய்ந்து மண் தெரிந்த சரிவு. பிறகு நிமிர்ந்து மலையைப் பார்த்தார். நெடுநேரம் பார்த்தார்.

"வெயிலு, இங்க வா" என்றார். "மொத மெஷின்ல மஞ்சள் அடிப்போம். அப்புறம் சிவப்பு, அப்புறம் நீலம். மூணும் விழுந்ததும் புதுப் பையன்க படம் முடிஞ்சிருச்சுன்னு துள்ளுவானுக. எல்லா நிறமும் இருக்கும், ஆனா படம் நிக்காது. மலை பஞ்சு மாதிரி மிதக்கும். நாலாவது கருப்பு. அது விழுந்தாத்தான் மலை மலையா உக்காரும்." கையிலிருந்த கிழங்கைத் துடைத்துக்கொண்டார். "நானே மூணு கலர்ல நிறுத்திக்கிட்டு நிக்கிறேன் பாரு. போதும்மா. கருப்பு அடிக்கட்டும்."

"நெசமாத்தான் சொல்றீகளா? எனக்காகச் சொல்லலையே?"

"உனக்காகச் சொல்றவனா இருந்தா அந்தக் குருவியோடயே சொல்லியிருப்பேன்."

வெயிலுகந்தாள் கொண்டையை அவிழ்த்தாள். முடிச்சை அவிழ்க்குமுன் நேர்த்திக்கடனைத் தீர்க்க வேண்டும், ஊருக்குப் போய் இந்தக் கல்லை எங்கே தேடுவது? நான் விளக்கத் தொடங்கினேன், விளக்கவே தேவைப்படவில்லை. அவர்கள் ஊரில் குழந்தைக்கு முதல் முடி எடுக்கும்போது சொந்தபந்தம் எல்லோரும் ஆளுக்கு ஒரு கற்றை வெட்டுவார்களாம். முடியைக் கொடுப்பது என்றால் என்னவென்று அவர்களுக்குத் தெரியும். அல்பாக்கா ரோமம் கத்தரிக்கும் பெரிய கத்தரிக்கோலை யாரோ கொண்டுவந்தார்கள். மேலே போய்க் கல்லின் முன்னால் அவளை உட்கார வைத்து, முதலில் ஹிலாரியா வெட்டினாள், பிறகு பூச்சி காட்டியவள், குருவி காட்டியவள், ஒவ்வொருவராக ஊரே வரிசையில் வந்து ஒரு கற்றை வெட்டி, வெட்டிய கையால் அவள் கன்னத்தைத் தொட்டுவிட்டுப் போனார்கள். நெமெசியோ வெட்டினார். வரிசையை ஒழுங்குபடுத்திக்கொண்டிருந்த கிருபாகரனைக் கடைசியில் எல்லோரும் பிடித்துத் தள்ள, அவர் கடிகாரம் கட்டிய கையால் ஒரு துளி வெட்டினார். எனக்கும் கத்தரிக்கோல் வந்தது. அந்த முடி வெயிலில் காய்ந்து சூடாக இருந்தது.

தனுஷ்கோடி எதிரே உட்கார்ந்து, மலைக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, இதையே பார்த்துக்கொண்டிருந்தார். இத்தனை கைகள் வெட்டினால் எப்படியிருக்கும்? ஓரிடத்தில் ஒரு விரல் உயரம், ஓரிடத்தில் அரை விரல், மேடும் பள்ளமுமாக இருந்தது தலை.

"ஆத்தாடி" என்றார். "உன் தலையிலயும் படி படியா வயல் வெட்டி வச்சுட்டாங்களே. நாலு உருளைக்கிழங்கு ஊண்டலாம்."

அவள் சிரித்த சிரிப்பில் தொப்பி போட்ட பெண்கள் எல்லோரும், மொழிபெயர்ப்புக்குக் காத்திராமல் சிரித்தார்கள். சிரித்துக்கொண்டே எழுந்து முடிச்சை அவிழ்த்தாள். கண்மலரைத் துணியோடு கல்லின் காலடியில் வைத்தாள், கண் கல்லுக்கே இருக்கட்டும் என்று. சூரியன் இத்தனை நேரம் நின்ற களைப்போடு யுராக் உமாவின் பின்னால் சட்டென்று இறங்கியது. பனி சிவந்து, ஊதாவாகி, நீலமாகி, அப்புறம் கருத்தது. மலை மலையாக உட்கார்ந்தது.

குளிர் வந்தது. லாமாக்கள் தம் பாட்டுக்குக் கூடி இறங்கத் தொடங்கின. ஹிலாரியா தன் தொப்பியைக் கழற்றி வெயிலுகந்தாளின் தலையில் வைத்தாள்; தனுஷ்கோடியின் ஒரு கையை மனைவி பிடித்திருக்க, மறு கையை இவள் பிடித்துக்கொண்டாள். சுவரிலிருந்து நீட்டிக்கொண்டிருக்கும் அந்தக் கற்களின் வழியாகத்தான் அவர் இறங்க வேண்டும், அவருக்கு ஒன்றும் தெரியவில்லை.

"படி" என்றாள் வெயிலுகந்தாள், வீட்டில் மாலை வேளைகளில் சொல்கிற அதே குரலில். அவர் காலை வைத்தார். "படி" என்றாள். அவர் காலை வைத்தார். மூன்றாவது கல்லில் அதை ஹிலாரியா சொன்னாள். "படி." அடுத்த வயலில் நின்றவர்கள் கேட்டுக்கொண்டு அவர்களும் சொன்னார்கள். அவர் வருமுன் அந்தச் சொல் மலையிறங்கிப் போய், ஒவ்வொரு வயலின் ஓரத்திலும் ஒருவர் ஒரு கல்லைக் காலால் தொட்டுக்கொண்டு நிற்க, அந்தச் சரிவு முழுவதும் ஆணும் பெண்ணும் "படி", "படி" என்று அவரைக் கைக்குக் கை மாற்றி இறக்கினார்கள்.

புல்வெளிக்கு அருகில் அவர் நின்றார். "கேக்குதா வெயிலு?" என்றார். நாங்களும் காது கொடுத்தோம். தப்பிய கிழங்குகள், பாதிக்கு மேல் தப்பியிருந்தன, ஒவ்வொன்றாகத் தோல் விறைத்து உறையும் மெல்லிய சடசடப்பு.

கீழே வேனின் கதவைத் திறந்து வைத்துக்கொண்டு கிருபாகரன் நின்றிருந்தார். மணி என்ன என்று அவர் பார்க்கவில்லை.

"படி முடிஞ்சிருச்சு சார்" என்றார். "இனிமே சமதரைதான். நிமிந்து வாங்க."